அரிசிப் படகுகளைச் சுட்ட கப்பல்

கார்த்திகை தீபத்துக் கூட்டம் கலைந்த பிறகு எங்கள் வீட்டு மாடி அறைக்கு ஒரு வெள்ளைக்காரர் வருவார். பங்குனி வெயில் மண்டையைப் பிளக்கத் தொடங்கும்போது ஊருக்குக் கிளம்பிவிடுவார். செங்கம் ரோட்டிலிருந்து உள்ளே தள்ளி இருக்கிற எங்கள் தெருவில் இது அதிசயமில்லை. வீட்டுக்கு வீடு மாடியில் யாராவது மன அமைதி தேடிக்கொண்டிருப்பார்கள். கீழே வீட்டுக்காரர்கள் நாங்கள் தண்ணீர் மோட்டாருக்குச் சண்டை போட்டுக்கொண்டிருப்போம். எங்கள் ஆள் மற்றவர்களைவிட ஒரு படி மேல். வெள்ளை ஜிப்பா, நெற்றி நிறைய விபூதி, கழுத்தில் உருத்திராட்சம். விடிந்ததும் மலையைப் பார்த்து உட்கார்ந்து கண்ணை மூடுவார். கண்ணைத் திறந்ததும் லேப்டாப்பைத் திறப்பார். அதற்குள் சாமி படம் எதுவும் இல்லை. ஒரு நீர்மூழ்கிக் கப்பல்தான் இருந்தது.

அவருடைய அப்பா அந்தக் கப்பலில் பீரங்கி சுடும் வேலையில் இருந்தவராம். உலகப் போர் பாதி நடந்துகொண்டிருந்தபோது அவர்கள் ஊர் ஆற்றோரத்தில் அவசர அவசரமாகக் கட்டி இறக்கிய கப்பல். அதில் வேலை பார்த்தவர்களின் பிள்ளைகளும் பேரப்பிள்ளைகளும் சேர்ந்து ஒரு சங்கம் வைத்திருக்கிறார்கள். வருஷத்துக்கு ஒரு தடவை கூடி, கேக் வெட்டி, எப்போதோ பழைய இரும்புக்குப் போன ஒரு கப்பலைப் பற்றிப் பேசிவிட்டுக் கலைவார்களாம். அந்தச் சங்கத்துக்காக இவர் கப்பலின் முழு வரலாற்றையும் எழுதிக்கொண்டிருந்தார். கடலைப் பார்க்க வேண்டுமென்றால் பஸ் ஏறிப் பாண்டிச்சேரிக்குப் போகவேண்டிய ஊரில் உட்கார்ந்துகொண்டு கடலுக்கு அடியில் நடந்ததை எழுதுகிறாரே என்று எனக்குச் சிரிப்பு. எல்லாவற்றையும் துறக்க வந்தவர் ஒரு கப்பல் இரும்பைத் தூக்கிக்கொண்டு வந்திருந்தார்.

போன மார்கழியில் எழுதி முடித்தார். ஜெராக்ஸ் கடையில் பிரிண்ட் எடுத்து, ஸ்பைரல் பைண்டிங் போட்டு, ஒரு பிரதியை என் கையில் கொடுத்தார்.

“நீங்கள் ஆபீஸில் இருந்தவர். தப்பு இருந்தால் தயங்காமல் சொல்லுங்கள்” என்றார். அவர் பேசுவதெல்லாம் ஆங்கிலம். ‘வணக்கம்’, ‘சாப்டாச்சா’ இரண்டு மட்டும்தான் தமிழ்.

வேங்கிக்காலில் ஓர் அரசு அலுவலகத்தில் தலைமை எழுத்தராக இருந்து ஓய்வு பெற்றவன் நான். எந்தத் துறை என்று சொல்லமாட்டேன். அறிக்கை எழுதியே தலை நரைத்தவன். ஒரு வேலையும் நடக்காத மாதத்துக்கு நாலு பக்கம் சாதனை எழுதிக் கொடுத்து, மேலதிகாரி அதைப் படித்துவிட்டு “பரவாயில்லையே” என்று தன்னைத்தானே மெச்சிக்கொண்டதைப் பார்த்திருக்கிறேன். அதனால் வெள்ளைக்காரரின் கப்பல் வரலாற்றைப் படிக்கப் படிக்க, கடல் தாண்டி இருக்கிற ஒரு பங்காளியைச் சந்தித்த மாதிரி இருந்தது. அங்கேயும் நம் ஆபீஸ்தான் நடந்துகொண்டிருக்கிறது.

விஷயம் இவ்வளவுதான். கப்பல் பிறந்ததே தாமதம். அது கிழக்குக் கடலுக்கு வந்து சேர்ந்தபோது எதிரியின் பெரிய கப்பல்களை எல்லாம் மற்றவர்கள் மூழ்கடித்து முடித்திருந்தார்கள். கடைசிப் பந்தியில் உட்கார்ந்தவன் இலையில் என்ன விழும்? அப்போது எதிரி கையில் இருந்த மலாயாக் கரையோரம் தண்ணீருக்கு அடியில் பதுங்கிக் கிடக்கும். பாய் கட்டிய மரப்படகு ஏதாவது வந்தால் மேலே எழும்பும். டார்பிடோ விலை கூடிய சாமான், அதை மரப்படகுக்கு வீணாக்கக் கூடாது என்று மேல்தளத்துப் பீரங்கியால் சுடும். இதுதான் அதன் போர். சுட்ட ஒவ்வொரு படகுக்கும் என்ன சரக்கு என்று இவர் ஒழுங்காக எழுதியிருந்தார். அரிசி, கொப்பரை, கருவாடு. கருவாட்டுப் படகைச் சுட்ட பத்தியை ‘மற்றுமொரு வெற்றி’ என்று முடித்திருந்தார்.

போர் முடிந்ததும் அந்தக் கப்பலை வைத்துக்கொண்டு என்ன செய்வது என்று யாருக்கும் தெரியவில்லை. வேறொரு நாட்டுக்குக் கொஞ்ச காலம் இரவல் போனது. திரும்பி வந்ததும் அதற்கு ஒரு வேலை கண்டுபிடித்தார்கள். புதிதாக வேலைக்குச் சேர்ந்த போர்க்கப்பல்காரர்கள் நீர்மூழ்கியைத் தேடிப் பழகவேண்டும் அல்லவா, அதற்கு இது தண்ணீருக்கு அடியில் ஒளிந்துகொள்ளும். அவர்கள் தேடிக் கண்டுபிடிப்பார்கள். கண்ணாமூச்சி ஆட்டம். தன் ஆயுளில் பெரும்பகுதி அந்தக் கப்பல் இதைத்தான் செய்தது. பிறகு துண்டு துண்டாக வெட்டி விற்றுவிட்டார்கள். நான் வேலை பார்த்த இடத்தில் இப்படி ஓய்வு பெற்றவர்கள் நிறையப் பேர் உண்டு. அவர்களுக்கு யாரும் வரலாறு எழுதவில்லை.

கப்பலில் வளர்ந்த பூனைக்கு ஒரு முழுப் பக்கம் ஒதுக்கியிருந்தார். கிறிஸ்துமஸ் அன்று மாலுமிகள் என்ன சாப்பிட்டார்கள் என்பதற்கு மூன்று பக்கம். மூழ்கடித்த படகுகளுக்கு ஓர் அட்டவணை. தேதி, இடம், சரக்கு, எப்படி மூழ்கியது, படகில் இருந்தவர்கள் என்று கட்டம் போட்டது. கடைசிக் கட்டத்தில் எல்லாப் படகுக்கும் ‘படகை விட்டுக் குதித்தனர்’ என்று ஒரே வாக்கியம். ஒரே ஒரு அரிசிப் படகுக்கு மட்டும் அந்தக் கட்டம் காலி.

நான் அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. காலிக் கட்டம் என்றால் எழுதுகிறவன் டீ குடிக்கப் போனான் என்று அர்த்தம்.

மறுநாள் வாசலில் உட்கார்ந்து பேசிக்கொண்டிருந்தோம். தப்பு ஒன்றும் இல்லை என்றேன். “ஒரு சந்தேகம் மட்டும். மரப்படகைச் சுட்டதற்கெல்லாம் மெடல் தருவார்களா?”

“ஆமாம், கேப்டனுக்குக் கொடுத்தார்கள்” என்றார். நான் குத்தலாகக் கேட்டது அவருக்குப் படவே இல்லை. அட்டவணையைப் பிரித்து, மலாயாவில் எந்தக் கரை, எந்தத் தீவு என்று விரலால் தொட்டுத் தொட்டுக் காட்டத் தொடங்கினார்.

பக்கத்தில் நாற்காலியில் என் அப்பா இருந்தார். எண்பது தாண்டி வெகுநாள் ஆகிறது. கண் மங்கிவிட்டது, காது மட்டும் தனக்கு வேண்டியதைத் தவறாமல் பிடிக்கும். வெள்ளைக்காரர் எழுந்து மாடிக்குப் போனதும் என்னைக் கூப்பிட்டார்.

“மலாயான்னு இன்னாவோ சொன்னானே, இன்னாடா அது?”

சொன்னேன். போர்க்காலத்தில் மலாயாக் கரையில் அரிசி ஏற்றிப் போன படகுகளை இவருடைய அப்பன் சுட்டான், அதைப் பெருமையாக எழுதி வைத்திருக்கிறார் என்றேன்.

அப்பா நாற்காலியில் நிமிர்ந்து உட்கார்ந்தார். பிறகு, “அரிசிப் படகா? தேதி போட்டிருக்குதா?” என்று கேட்டார்.

இந்த இடத்தில் எங்கள் வீட்டுக் கதையைச் சொல்லவேண்டும். எங்களுக்குப் பூர்வீகம் கீழ்பென்னாத்தூர் பக்கம். அப்பா வயிற்றில் இருக்கும்போதே அவருடைய அப்பா ரப்பர் தோட்டத்து வேலைக்கு மலாயாவுக்குக் கப்பல் ஏறிவிட்டார். போர் வந்ததும் தகவல் நின்றுபோனது. போர் முடிந்து சில ஆட்கள் எலும்பும் தோலுமாகத் திரும்பினார்கள். அவர்களில் ஒருவர் வீட்டுக்கு வந்து, “தோட்டத்துல சோறு இல்லன்னு அரிசிப் படகுல மூட்டை தூக்கப் போனான். அப்பால நான் பார்க்கல” என்று சொல்லிவிட்டுப் போனாராம். அதோடு சரி. செத்தார் என்று சொல்லவும் ஆள் இல்லை, இருக்கிறார் என்று சொல்லவும் ஆள் இல்லை.

அப்பாவின் அம்மா அதைத் தனக்குத் தோதாக வைத்துக்கொண்டார். பார்க்கவில்லை என்றுதானே சொன்னான், செத்தார் என்று சொல்லவில்லையே. கடைசிவரை தாலியோடும் குங்குமத்தோடும் இருந்தார். பிள்ளை வளர்ந்து ஆளாகி, அமாவாசைக்கு ஊரே அய்யங்குளத்தில் இறங்கி அப்பனுக்குத் தண்ணீர் விட்டபோது, “உசுரோட இருக்கிற மனுஷனுக்கு எள்ளு எறைப்பியா?” என்று கேட்டு வாயை அடைத்துவிட்டார். அவர் செத்துப்போனபோது பூவும் பொட்டுமாகச் சுமங்கலிக்குச் செய்கிற மரியாதை எல்லாம் செய்து தூக்கினார்கள். அதற்குப் பிறகும் அப்பாவால் ஒன்றும் செய்ய முடியவில்லை. இறந்த நாள் தெரியாதவர்களுக்கெல்லாம் மகாளய அமாவாசை இருக்கிறது என்று எத்தனையோ பேர் சொன்னார்கள். “ஊர் பேர் தெரியாதவங்களோட சேர்த்து என் அப்பனுக்கு ஒரு பொதுக் கையா?” என்று கோபித்துக்கொள்வார். ஆனால் ஒவ்வொரு அமாவாசைக்கும் குளத்துக்குப் போவார். படிக்கட்டில் நின்று மற்றவர்கள் கொடுப்பதைப் பார்த்துவிட்டு வருவார். பெற்றவருக்கு ஒரு கை தண்ணீர் விடாமல் தானும் போய்விடுவோம் என்கிற பயம் கொஞ்ச காலமாக அவரைத் தின்றுகொண்டிருந்தது. அந்தப் பயத்தைச் சொல்லத் தெரியாமல் சாம்பாரில் உப்பு ஜாஸ்தி என்று கத்துவார்.

அப்படிப்பட்டவர் காதில் மலாயா, அரிசிப் படகு, தேதி மூன்றும் ஒன்றாக விழுந்துவிட்டன. அட்டவணையைத் தமிழில் படிக்கச் சொன்னார். படித்தேன். மறுபடி படிக்கச் சொன்னார். மூன்றாவது தடவை நிறுத்தினார்.

“அந்த ஒண்ணுல மட்டும் ஆளுங்க இன்னா ஆனாங்கன்னு போடல.”

“எழுத மறந்திருப்பாங்கப்பா.”

“மத்ததுல எல்லாம் குதிச்சாங்க குதிச்சாங்கன்னு மறக்காம போட்டிருக்கான் இல்ல? இதுல யாரும் குதிக்கல. அதான் போடல. அதான்டா நாளு.”

நான் எவ்வளவோ சொன்னேன். அந்தக் கடலில் படகுகளுக்குக் கணக்கில்லை, சுட்ட கப்பல்களும் நிறைய, மூட்டை தூக்கப் போனவர் காய்ச்சலில் செத்திருக்கலாம், வேறெங்காவது பிடித்துக்கொண்டு போயிருக்கலாம் என்றேன். ஒரு குமாஸ்தா விட்ட காலிக் கட்டத்தை வைத்துச் சொந்த அப்பனுக்குச் சாவு நாள் குறிப்பதா? நான் வேலை பார்த்த இடத்தில் நாங்கள் விட்ட காலிக் கட்டங்களை வைத்துக் குறித்திருந்தால் மாவட்டத்தில் பாதிப் பேருக்குத் திதி கொடுத்திருக்க வேண்டும். எரிச்சலில் இதைச் சொல்லியும் விட்டேன். அப்பா காதில் போட்டுக்கொள்ளவில்லை. அந்தக் காது அப்படிப்பட்டது.

குளத்தருகே திதி கொடுத்து வைக்கிற ஐயர் இளவட்டம். நான் தயங்கித் தயங்கிச் சொன்னதைப் பாதிகூடக் கேட்கவில்லை, போனை எடுத்தார். “இங்கிலீஷ் தேதி சொல்லுங்க சார்.” சொன்னேன். கட்டைவிரலால் இரண்டு தட்டு தட்டினார். “தை மாசம், தேய்பிறை நவமி. இன்னும் டைம் இருக்குது. கோத்திரம் தெரியலன்னா சிவகோத்திரம்னு சொல்லிக்கலாம்.” எண்பது வருஷமாக எங்கள் வீட்டில் யாருக்கும் தெரியாத ஒன்று ஆட்டோ கூப்பிடுகிற நேரத்தில் முடிந்துவிட்டது. சுட்டது யார், மூழ்கியது யார் என்று கேட்கவேண்டும் என்று அவருக்குத் தோன்றவில்லை. எல்லோருக்கும் எல்லாம் சுலபமாக இருந்தது. நான் ஒருவன்தான் முட்டாள் மாதிரி கவலைப்பட்டுக்கொண்டிருந்தேன்.

“அந்தாள் கிட்டயும் சொல்லிடு. தேதி அவன் குடுத்ததுதானே” என்றார் அப்பா.

சொன்னேன். வெள்ளைக்காரர் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. என் கையைப் பிடித்துக்கொண்டார். தன்னை இந்த மலை ஏன் கூப்பிட்டது என்று இப்போதுதான் புரிகிறது என்றார். பிறகு கண்ணைத் துடைத்துக்கொண்டு, புத்தகத்தின் கடைசிப் பக்கத்துக்கு ஒரு போட்டோ வேண்டும் என்றார். குளத்தங்கரையில் என் அப்பா, பக்கத்தில் அவர். அன்று எதிரெதிராக இருந்தவர்களின் பிள்ளைகள் இன்று தோளோடு தோள் நிற்பதுபோல. சங்கத்தில் எல்லோரும் நெகிழ்ந்துபோவார்கள் என்றார்.

எனக்கு உடம்பெல்லாம் எரிந்தது. எதிரெதிராக என்கிறார். ஒரு பக்கம் பீரங்கி, இன்னொரு பக்கம் அரிசி மூட்டை. “என் தாத்தா யாரோடும் போருக்குப் போகவில்லை, சோற்றுக்குப் போனார்” என்றேன். “உங்கள் அப்பா சுட்ட படகில் என் தாத்தா செத்தார் என்றுதான் என் அப்பா நினைக்கிறார். அதற்குப் போட்டோ எடுக்க வேண்டுமா?”

அதுவரை அவர் அதை அப்படி யோசிக்கவே இல்லை என்பது முகத்திலேயே தெரிந்தது. மன்னிப்புக் கேட்டுவிட்டு மேலே போனார். அன்றும் மறுநாளும் மலையைப் பார்த்து உட்காரவில்லை.

அதற்கடுத்த நாள் காலை ஒரு தாளோடு இறங்கி வந்தார். புதிதாகப் பிரிண்ட் எடுத்த அட்டவணை. முன்பு காலியாக இருந்த கட்டத்தில் இப்போது ‘படகை விட்டுக் குதித்தனர்’ என்று இருந்தது.

“ஒரு வரி விட்டுப்போயிருந்தது. திருத்திவிட்டேன். உங்கள் அப்பாவிடம் சொன்னால் நிம்மதியாக இருப்பார்” என்றார்.

“எதைப் பார்த்துத் திருத்தினீர்கள்?”

“என் அப்பா சொல்லியிருக்கிறார். எப்போதும் முதலில் தலைக்கு மேலே ஒரு குண்டு சுடுவார்களாம். எல்லோரும் குதித்த பிறகுதான் படகைச் சுடுவார்களாம்.”

“இந்தப் படகைப் பற்றிச் சொன்னாரா?”

மூக்குக் கண்ணாடியைக் கழற்றி ஜிப்பாவில் துடைத்தார். “இதைப் பற்றி அவர் பேசியதே இல்லை” என்றார் கடைசியில்.

தணிக்கைக்கு ஆள் வருகிறது என்று தெரிந்ததும் காலிக் கட்டங்களை நிரப்புகிற வேலையை நான் நிறையப் பார்த்திருக்கிறேன். எங்களுக்காவது பயம் என்று ஒரு காரணம் இருந்தது. மெமோ வரும், இன்கிரிமென்ட் நிற்கும். இவருக்கு எந்த அதிகாரி வரப்போகிறார்? செத்துப்போன அப்பன் கெட்ட பேர் வாங்கக் கூடாது என்று, பார்க்காத ஆட்களைப் பார்க்காத கடலில் குதிக்க வைத்துவிட்டார். கீழே ஒருவர் தன் அப்பனைச் சாகடிக்க ஒரு தேதி தேடி அலைகிறார். மேலே ஒருவர் தன் அப்பன் சாகடிக்கவில்லை என்று காட்ட ஒரு வரி தேடி அலைகிறார். இரண்டு கிழவர்களுக்கும் அந்த ஒரு சின்னக் கட்டம்தான். எனக்கு இருவர் மேலும் வெறுப்பு வந்தது. ஆனால் ஒருவர் என் அப்பா. தாளை மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டேன். அப்பாவிடம் காட்டவில்லை.

நவமிக்கு முதல் நாள் கீழ்பென்னாத்தூரிலிருந்து அத்தை வந்து இறங்கினார். அப்பாவுக்கு அக்கா, தொண்ணூறைத் தொட்டவர். யார் சொல்லித் தெரிந்ததோ, வேனில் அவ்வளவு தூரம் தனியாக வந்திருக்கிறார். உள்ளே வந்து தண்ணீர்கூடக் குடிக்கவில்லை.

“இன்னாடா பண்ணப் போற நீ?”

“நைனாவுக்குத் திதி குடுக்கப் போறேன்க்கா.” அந்தக் காலத்தில் எங்கள் வீட்டில் அப்பாவை நைனா என்றுதான் கூப்பிடுவார்கள்.

“அம்மா போனப்ப இன்னா பண்ணோம், மறந்துட்டியா? மஞ்சள் பூசி, பூ வெச்சி, சேப்புப் பொடவை கட்டி அனுப்பிச்சோம். மகராசி, பொட்டோட போறான்னு ஊரே கையெடுத்து கும்புட்டுது. இப்ப நைனா எப்ப செத்தாருன்னு நீ நாள் சொன்னா, அவ அதுக்கு அப்பால கட்டிக்கினு இருந்த தாலி இன்னாடா? அவ செத்து இத்தினி வருஷம் கழிச்சி நீ அறுக்கப் போறியா?”

எனக்கு இது தோன்றவே இல்லை. அட்டவணையைப் படித்தேன், கட்டத்தைப் பார்த்தேன், வெள்ளைக்காரரைத் திட்டினேன், ஐயரைத் திட்டினேன். பாட்டியின் கழுத்தை யோசிக்கவில்லை. அப்பா யோசித்திருந்தார் என்பது அவர் தலை குனிந்ததில் தெரிந்தது.

“நான் இன்னும் எத்தினி நாளுக்கா?” என்றார். “நான் போயிட்டா இவன் குடுப்பானா? அப்பனே குடுக்கலியேன்னு வுட்டுடுவான். அவருக்குக் கடைசி வரைக்கும் யாருமே குடுக்கலன்னு ஆயிடும்.”

உண்மைதான், விட்டிருப்பேன். அத்தை சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டார். இரவும் சாப்பிடவில்லை.

காலையில் அப்பாவை ஆட்டோவில் ஏற்றிக்கொண்டு அய்யங்குளம் போனேன். அத்தை வரமாட்டேன் என்று சொல்லிவிட்டார். அமாவாசை இல்லாததால் படிக்கட்டு காலியாக இருந்தது. வருஷக்கணக்கில் நின்று வேடிக்கை பார்த்த படியில் அப்பா முதல் தடவையாக உட்கார்ந்தார். ஐயர் தர்ப்பையை விரலில் மாட்டிவிட்டார். அப்பன் பேர் சொல்லச் சொன்னபோது அப்பா சின்னக் குழந்தை மாதிரி உரக்கச் சொன்னார். எள்ளும் தண்ணீரும் விடும்போது நான் அவர் கையைப் பிடிக்கப் போனேன், தட்டிவிட்டார்.

திரும்பி வரும்போது ஆட்டோவில் கேட்டார்.

“மேல இருக்கிறவன் பேப்பர்ல எதனா மாத்தினானா?”

“ஏன் கேக்கறீங்க?”

“ரெண்டு நாளா உன் பாக்கெட்டுல ஒரு பேப்பரு மடிச்சிக் கிடக்குது. அவனைப் பார்த்தா நீ பல்லைக் கடிக்கிற.”

“எல்லாரும் குதிச்சாங்கன்னு எழுதிட்டாரு.”

“எழுதிக்கட்டும். அவன் அப்பன் அவனுக்கு.” வெளியே பார்த்துக்கொண்டே சொன்னார். “அந்தப் படகுல நைனா இருந்தாருன்னு நான் கண்டனாடா? எனக்கு ஒரு நாளு வேணும். அது கெடைச்சிது.”

வீட்டுக்குள் நுழைந்தபோது அத்தை அதே இடத்தில், சுவரில் சாய்ந்து உட்கார்ந்திருந்தார். அப்பாவின் ஈர வேட்டியைப் பார்த்தார்.

“குடுத்துட்டியா?”

“குடுத்துட்டேன்க்கா.”

அத்தை கையை நெற்றிக்குக் கொண்டுபோய், பிறகு மடியில் வைத்துக்கொண்டார். கொஞ்ச நேரம் கழித்து, “ஐயோ என் நைனா” என்றார், யாரையோ மெதுவாகக் கூப்பிடுவதுபோல. அடுத்த தடவை குரல் உயர்ந்தது. அதற்கடுத்து மாரில் அடித்துக்கொண்டு அழத் தொடங்கினார். தன்னைத் தோளில் தூக்கி வைத்துத் தேர் காட்டினாரே என்று, பெற்ற பிள்ளை முகத்தைப் பார்க்காமல் போனாரே என்று, கடலில் கிடந்தாரோ கரையில் கிடந்தாரோ என்று, தாலியோடு காத்துக் கிடந்தவளை ஏமாற்றிவிட்டாரே என்று. ராகம் போட்டு, மூச்சு வாங்கி, மறுபடியும். அந்த மனுஷனுக்காக இந்த வீட்டில் அதுவரை யாரும் அழுததில்லை. அழுதால் செத்துவிட்டார் என்று ஆகிவிடும் என்று பாட்டி அழவிடவில்லை. அப்பா ஈர வேட்டியோடு அக்காவின் பக்கத்தில் தரையில் உட்கார்ந்தார். அவர் தோள் குலுங்கியது. என் அப்பா அழுது நான் பார்த்தது அன்றுதான். எனக்கும் தாங்கவில்லை.

தெருவில் இரண்டு வீட்டுக்காரர்கள் எட்டிப் பார்த்தார்கள். மாடிப் படியில் காலடிச் சத்தம் கேட்டது. வெள்ளைக்காரர் பாதிப் படிவரை இறங்கி வந்து, கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு நின்றார். முகம் வெளுத்திருந்தது.

“யார் இறந்துவிட்டார்கள்?” என்று தாழ்ந்த குரலில் கேட்டார்.

“என் தாத்தா.”

“எப்போது?”

“தேதி உங்களிடம்தான் இருக்கிறது” என்றேன்.

அவர் மேலேயும் போகவில்லை, கீழேயும் வரவில்லை. அத்தையின் குரல் நிற்கவில்லை. வாசலில் நாற்காலி காலியாக இருந்தது. உட்காருங்கள் என்று நான் சொல்லவில்லை.